மாஸ்க்கின் தலைமேல் ஒரு கை

முதல் ஊரடங்கு போட்ட கோடை அது. சங்கரன்கோவிலில் பூ மார்க்கெட் பக்கத்துத் தெரு ஒன்றில் நாங்கள் வாடகைக்கு இருந்தோம். ஒரே காம்பவுண்டுக்குள் இரண்டு வீடுகள். ஒன்றில் நாங்கள், இன்னொன்றில் கடையநல்லூரிலிருந்து வந்து குடியிருந்த ஒரு அம்மாவும் மகளும். மார்க்கெட் மூடிக் கிடந்ததால் விடிகாலையில் வரும் மல்லிகை வாசமும் இல்லை, ஏலம் போடுகிற சத்தமும் இல்லை.

என் வீட்டுக்காரருக்கு அத்தியாவசியப் பணி. காலையில் சிவகிரிக்குப் பைக்கில் போனால் சாயங்காலம்தான் வருவார். நானும் ஒன்பது வயது மகனும் வீட்டில். அவனை மேய்த்ததற்கு நான்கு எருமை மேய்த்திருந்தால் பாலாவது கிடைத்திருக்கும்.

பக்கத்து வீட்டு மதினியின் வீட்டுக்காரர் சவூதியில் இருந்தார். அந்தக் கோடைக்கு லீவில் வர வேண்டியவர், விமானம் நின்றதால் அங்கேயே மாட்டிக்கொண்டார். மகளுக்குப் பதினொரு வயது. கேட்டால் பதில் சொல்லும், கேட்காவிட்டால் அதுவும் கிடையாது. அப்படி ஒரு அமைதி.

அந்த நேரத்தில்தான் அந்த நாய் வந்து சேர்ந்தது. ஹோட்டல், பிரியாணிக் கடை எல்லாம் மூடியதால் தெரு நாய்கள் விலா எலும்போடு அலைந்தன. இது செவலை நாய், மூக்கும் வாயும் மட்டும் கறுப்பு. பிள்ளைகள் பார்த்த உடனே 'மாஸ்க்' என்று பேர் வைத்துவிட்டார்கள். ஊரில் பாதிப் பேர் தாடையில் மாட்டிக்கொண்டு திரிந்தபோது, ஒழுங்காக மாஸ்க் போட்டிருந்த ஒரே ஜீவன் அதுதான்.

மதினி தினமும் கேட்டுக்கு வெளியே மிச்சச் சோறும் ஒரு சட்டியில் தண்ணீரும் வைப்பார். "வா, வா, சாப்புடு வா" என்று பிள்ளையைக் கூப்பிடுகிற மாதிரிதான் கூப்பிடுவார். ஆனால் மகளுக்கு ஒரு கண்டிப்பு, நாயைத் தொடக் கூடாது. என் மகன் அதன் கழுத்தைக் கட்டிக்கொண்டு கொஞ்சும்போது, அந்தப் பிள்ளை கேட்டுக்கு உள்ளே கைகளைப் பின்னால் கட்டிக்கொண்டு நின்று பார்க்கும். எனக்கு அதைப் பார்க்கவே கஷ்டமாக இருக்கும்.

ஆன்லைன் வகுப்பு நடக்கிற நேரத்தில் வேறு எதையோ பார்த்துக்கொண்டிருந்த என் மகன், பொம்மையை வைத்துப் படம் எடுக்கிற வித்தையைக் கண்டுபிடித்தான். பொம்மையைத் துளி நகர்த்தி ஒரு போட்டோ, இன்னும் துளி நகர்த்தி இன்னொரு போட்டோ. எல்லாவற்றையும் வேகமாக ஓட்டினால் பொம்மை தானாக நடக்கும். சரி, நமக்குக் கொஞ்சம் நிம்மதி என்று என் போனைக் கொடுத்தேன்.

முதலில் இரண்டு பிள்ளைகளும் கரிசல் மண்ணில் நாய் செய்தார்கள். மத்தியானத்துக்குள் வெடித்துக் கால் கழன்று விழுந்தது. பிறகு பிள்ளையார் செய்கிறவர் வீட்டிலிருந்து களிமண் வாங்கி வந்து, உள்ளே கட்டுக்கம்பி வைத்தார்கள். மாடிப்படிக்கு அடியில்தான் ஸ்டூடியோ. கவிழ்த்துப் போட்ட முக்காலியின் காலில் போனை ரப்பர் பேண்ட் போட்டுக் கட்டியிருந்தார்கள். காற்றில் எதுவும் அசையக் கூடாதென்று டேபிள் ஃபேனை நிறுத்திவிட்டு, சித்திரை வெயிலில் இரண்டும் வேர்த்து ஒழுகிக்கொண்டு உட்கார்ந்திருக்கும். நான் முறுக்குத் தட்டை நீட்டினால்கூட, "அம்மா, கைய எடு, படத்துல விழுது!" என்று கத்துவான்.

கதையெல்லாம் அந்தப் பிள்ளையுடையதுதான். வீட்டுக்குள் அடைந்து கிடக்கிற ஒரு சிறுமி, கேட்டுக்கு வெளியே ஒரு நாய். தினமும் ஒன்றையொன்று பார்த்துக்கொள்ளும். கடைசியில் கேட் திறக்கும், சிறுமி வந்து நாயின் தலையில் கை வைப்பாள். அவ்வளவுதான் படம். நாயை நகர்த்துகிற வேலை முழுக்க அந்தப் பிள்ளையுடையது. என் மகன் நகர்த்தினால் நாய் தவளை மாதிரி குதிக்கும். அவள் விரல் பட்டால் வாலும் காதும் நிஜ மாஸ்க் மாதிரியே அசையும். தொடாமலே பார்த்துப் பார்த்து அவ்வளவும் மனப்பாடம்.

கடைசிக் காட்சியில் வேலை நின்றுபோனது. களிமண் நாய் தயார், களிமண் சிறுமியின் கையும் தயார். அவள் மட்டும் சும்மா உட்கார்ந்திருந்தாள்.

"ஏன்ட்டி, என்ன ஆச்சு?" என்றேன்.

"தொட்டா எப்படி இருக்கும்னு எனக்குத் தெரியாதுல்லா அத்தை. தெரியாம எப்படி எடுக்க?"

என் மகன் வெளியே ஓடி, மாஸ்க்கைத் தடவிக் காட்டினான். "இங்க பாரு, காது பின்னால போவும், கண்ண மூடும், அம்புட்டுதான்." அவள் தலையை ஆட்டினாள். "அது நீ தொட்டா" என்று சொல்லிவிட்டு எழுந்து வீட்டுக்குள் போய்விட்டாள்.

எனக்கு மனசு கேட்கவில்லை. அன்று சாயங்காலம் துணி எடுக்கும்போது மதினியிடம், ஒரே ஒரு தடவை தொடட்டுமே என்று கேட்டேவிட்டேன்.

அவர் கோபப்படவில்லை. "தொட்டா குத்தம்னு இல்ல மதினி. எங்க மார்க்கத்துல நாயோட எச்சி ஈரம் பட்டா ஏழு தடவ கழுவணும், அதுல ஒரு தடவ மண்ணு போட்டுக் கழுவணும். அது ஒரு பெரிய காரியமா?" என்றார். கொடியிலிருந்து துணியை உருவிக்கொண்டே, "கடிச்சு வச்சுட்டுன்னா? பஸ்ஸும் இல்ல, அவ வாப்பாவும் இல்ல. நான் ஒத்தையில இவளத் தூக்கிட்டு எங்கன ஓட?" என்றார். என் வீட்டில் பைக்கும் அதை ஓட்ட ஆளும் இருந்ததால் எனக்கு அந்த யோசனையே வந்ததில்லை. எடுத்த துணியை மடித்துக்கொண்டு உள்ளே வந்தேன்.

அதற்குப் பிறகு ஒரு நாள் மாஸ்க் சாப்பிட வரவில்லை. மறுநாள் காலை தெருவில் ஒரே கூச்சல். எட்டிப் பார்த்தால், மாஸ்க்கின் தலை ஒரு பிளாஸ்டிக் டப்பாவுக்குள் மாட்டியிருந்தது. டீக்கடையில் பன் போட்டு வைப்பார்களே, அந்த டப்பா. பசிக்கு எங்கேயோ உள்ளே தலையை விட்டிருக்கிறது, எடுக்க முடியவில்லை. மூச்சு பட்டு டப்பா முழுக்க ஆவி படிந்து, உள்ளே முகம் தெரியவில்லை. சுவரில் முட்டுகிறது, விழுகிறது, எழுந்து சாக்கடை வாறுகால் பக்கம் ஓடுகிறது. தெருக்காரர் ஒருவர் சாக்கை எடுத்துக்கொண்டு துரத்த, அது இன்னும் மிரண்டு ஓடியது. என் மகன் பேர் சொல்லிக் கத்தினான். அது கேட்கவில்லை. அடுத்து விழுந்தால் எழுந்திருக்காது என்று எல்லோருக்கும் தெரிந்தது.

மதினி தலைத் துணியை இழுத்துச் செருகிக்கொண்டு கேட்டைத் திறந்து வெளியே வந்தார். "எல்லாரும் சும்ம நில்லுங்க" என்றார். பிறகு தினமும் கூப்பிடுகிற அதே குரலில், "வா, வா, சாப்புடு வா" என்றார்.

அந்த நாய் நின்றது. தலையைத் திருப்பிக் குரல் வந்த பக்கம் டப்பாவை நீட்டியது. தள்ளாடிக்கொண்டே நடந்து வந்து அவர் காலில் முட்டி நின்றது. மதினி மண்டி போட்டு அதை முழங்கால்களுக்கு நடுவில் இறுக்கிக்கொண்டார். டப்பாவைப் பிடித்து இழுத்தால் நாயும் சேர்ந்து வந்தது.

"ஏட்டி, வா இங்கன. பின்னால இறுக்கிப் பிடி. பயப்படாத மக்கா, உம்மா இருக்கேன்லா."

அந்தப் பிள்ளை ஓடிப் போய் மாஸ்க்கை இரண்டு கையாலும் கட்டிப் பிடித்தது. டப்பாவின் விளிம்பில் நான் தேங்காய் எண்ணெயை ஊற்ற, மதினி திருகித் திருகி இழுத்தார். பொட்டென்று கழன்று வந்தது. மாஸ்க் வாயைப் பிளந்து மூச்சு வாங்கியபடியே படுத்துவிட்டது. மதினி ஓடிப் போய்த் தண்ணீர்ச் சட்டியை எடுத்து வந்தார். அந்தப் பிள்ளை மட்டும் கையை எடுக்கவில்லை. மதினியும் எடுக்கச் சொல்லவில்லை.

பிறகு காம்பவுண்டுக் குழாயடியில் கழுவுகிற வைபவம். மதினி மண்ணுக்காகச் சுற்றிலும் பார்த்தார். எல்லாம் சிமெண்ட் தரை. என் மகன் ஓடிப் போய், படத்துக்குக் குழைத்து வைத்திருந்த களிமண் பேசினைத் தூக்கி வந்தான். தாயும் மகளும் கையில் பூசிக் கழுவினார்கள். எனக்கும் பூசு என்று அவனும் கையை நீட்டினான். எனக்கு ஒரு தேவையும் இல்லை, ஆனாலும் நானும் நீட்டினேன். நான்கு பேரும் முழங்கை வரைக்கும் சேறாகி நின்று சிரித்த சிரிப்பு, இப்போது நினைத்தாலும் சிரிப்பு வருகிறது.

மறுநாள் அவள் கடைசிக் காட்சியை எடுத்தாள். சிறுமியின் கை நாயின் தலையில் பட்டதும், நாயைத் துளி இந்தப் பக்கம், துளி அந்தப் பக்கம் என்று மாற்றி மாற்றி நகர்த்தினாள். ஓட்டிப் பார்த்தால் நாய் நடுங்கியது.

"மாஸ்க் அப்படி நடுங்காது!" என்று என் மகன் சண்டைக்குப் போனான்.

"நான் தொட்டப்போ நடுங்குச்சு" என்றாள்.

கை அப்படியே தலைமேல் இருக்க, போட்டோவுக்கு மேல் போட்டோவாக எடுத்துக்கொண்டே போனாள். அவனுக்குப் பொறுமை போய்விட்டது. "போதும்ட்டி, கைய எடு. படத்த முடிப்போம்."

"நடுக்கம் நிக்கட்டும்லா" என்றாள் அவள்.

அன்று ராத்திரி மதினி என் போனில் இருந்த அந்தப் படத்தை அவர் வீட்டுக்காரருக்கு வீடியோ காலில் ஓட்டிக் காட்டினார். ஒரு நிமிடம்கூட ஓடாத படம்.   முடிந்ததும், "மக்கா, இன்னொரு தடவ போடு" என்று அவர் குரல் வந்தது. மதினி முகத்தைத் திருப்பிக்கொண்டு அடுப்படிக்குள் போய்விட்டார்.

விமானங்கள் ஓடத் தொடங்கி அவர் ஊர் வந்து சேர்ந்ததும், அவர்கள் கடையநல்லூருக்கே வீடு மாறிப் போனார்கள். மாஸ்க் சில வருடம் எங்கள் கேட்டிலேயே கிடந்து கிழடாகிப் போய்ச் சேர்ந்தது. என் மகனுக்கு மீசை அரும்புகிறது, களிமண் பேச்செடுத்தால் வெட்கப்படுகிறான். ஊரடங்கு கெட்ட காலம்தான், எத்தனையோ வீடுகளில் ஆளை வாரிக்கொண்டு போன காலம். இருந்தாலும் மாடிப்படிக்கு அடியில் அந்த இரண்டும் வேர்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்த மத்தியானம் ஒன்றை யாராவது திருப்பிக் கொடுத்தால், வேண்டாம் என்று சொல்ல மாட்டேன்.

யாராவது அழுதால் முதுகில் இரண்டு தட்டு தட்டி, 'எல்லாம் சரியாப் போவும்' என்று சொல்லிவிட்டு என் சோலியைப் பார்க்கப் போகிற ஆள் நான். போன வருடம் ஆப்பரேஷன் அறைக்கு வெளியே என் தங்கையின் தோளில் கை வைத்தேன், அவள் உடம்பு நடுங்குவது உள்ளங்கையில் தெரிந்தது. அது நிற்கிற வரைக்கும் நான் ஒரு வார்த்தையும் பேசவில்லை, கையையும் எடுக்கவில்லை.