சினியோரா உடுத்த கூறை

எனக்கு ஒன்பது வயதாக இருந்தபோது, ஒரே வாரத்துக்குள் நடந்தவை:

1. ஒரேத்தோத் தெருவில் அம்மா சம்பளத்துக்குப் பராமரித்துவந்த எண்பது வயது இத்தாலியப் பெண்மணியை, நாங்கள் சினியோரா என்று கூப்பிடுபவரை, பல்லரோச் சந்தைக்குப் பின்னாலிருந்த ஒரு திரைப்படக் கழகம் அழைத்தது. அவர் இளமையில் நடித்த படம் ஒன்றைக் காட்டப்போகிறார்கள்.
2. சினியோராவின் மகள் போகக் கூடாது என்றாள். சொன்னதோடு நிற்காமல், உடுப்பு அலமாரியைப் பூட்டித் திறப்பையும் கொண்டுபோனாள்.
3. அம்மா தன்னுடைய கூறைப்புடவையைச் சினியோராவுக்கு உடுத்திக் கூட்டிப்போனார்.
4. அம்மாவுக்கு வேலை போனது.

மூன்றாவதைப் பற்றித்தான் எங்கள் ஆட்கள் இன்னும் கதைக்கிறார்கள். கூறை என்பது தாலி கட்டும்போது உடுக்கும் சேலை. அதை இன்னொருத்திக்குக் கொடுப்பதில்லை. கணவனை இழந்தவருக்குக் கொடுப்பதை யாரும் நினைத்தே பார்ப்பதில்லை.

சினியோரா நடித்தவை மலிவுப் படங்கள். பழைய விளம்பரத் தாள்களை மெத்தைக்குக் கீழே வைத்திருந்தார். கிழிந்த சட்டை, கையில் சவுக்கு, தோளில் ரப்பர் பாம்பு. பெயர்கூட அவருடையதில்லை; அமெரிக்கப் படம் என்று சனம் நம்புவதற்காகத் தயாரிப்பாளர் வைத்த ஆங்கிலப் பெயர். மகளுக்கு இதெல்லாம் வெட்கம்.

ஞாயிறு மத்தியானம் சின்னம்மா எங்கள் வீட்டிலிருந்து கூறையைச் சினியோரா வீட்டுக்குக் கொண்டுவந்து தந்துவிட்டு, கதவடியிலேயே நின்று சண்டை பிடித்தார்.

"அக்கா, உனக்கென்ன விசரே? கூறையைப் போய்..."

"வேறை பட்டு என்னட்டை இல்லை. மனிசியை இரவுச்சட்டையோடை மேடையிலை ஏத்தவே?"

"மகள்காரி அறிஞ்சால் நிப்பாட்டிப்போடுவாள். இஞ்சை இருக்கிற அனுமதி, பெர்மெஸ்ஸோ, புதுப்பிக்கிற நேரம். வேலை இல்லாமல் அத்தானை எப்பிடி இஞ்சை கூப்பிடுவாய்?"

"ஊசியைத் தா," என்றார் அம்மா. "மடிச்ச கொய்யகம் வழுக்குது."

அப்பா அப்போது யாழ்ப்பாணத்தில் இருந்தார். நான் அவரைத் தொலைபேசியில்தான் அறிவேன்.

அந்தப் படத்தில் சினியோராவுக்கு இந்திய இளவரசி வேடம். சன்னல் திரையைச் சேலையாகச் சுற்றிக்கொண்டு வருவார். அதனால் அவர் சிவப்புக் கூறையோடு உள்ளே நுழைந்ததும், வேடத்திலேயே வந்துவிட்டார் என்று நினைத்து மண்டபம் எழுந்து கைதட்டியது. ஒலிவாங்கி வைத்திருந்த இளைஞன், இப்படியான படங்களில் நடித்ததற்காக வருத்தப்படுகிறீர்களா என்று மரியாதையாகக் கேட்டான்.

"ஏழு படத்தில் என்னைக் கொன்றார்கள்," என்றார் சினியோரா. "இதில் நான் கொல்கிறேன். இருந்து பாருங்கள்."

கொல்லும் இடத்தில் அம்மா என் கண்களைப் பொத்தினார். விரல்களை நெருக்கி வைக்க மறந்துபோனார்.

அங்கே யாரோ எடுத்த புகைப்படம் மகளுக்குப் போய்ச் சேர்ந்தது. மறுநாள் பள்ளி விட்டு நான் ஒரேத்தோவுக்குப் போனபோது அவள் குசினியில் நின்றாள். அம்மாவின் இத்தாலியன் போதாது என்று என்னை மொழிபெயர்க்கச் சொன்னாள். மன்னிப்புக் கேட்டால் அம்மா வேலையில் இருக்கலாம்.

"அவவின்ரை அம்மா தான் நடிச்ச படத்தைப் பாக்கப் போனவ," என்றார் அம்மா. "நான் ஒரு பிழையும் செய்யேல்லை. அப்பிடியே சொல்லு பிள்ளை."

நான் அப்படியே சொல்லவில்லை. எனக்கு அப்பா வரவேண்டும். "அம்மா மன்னிப்புக் கேட்கிறார்," என்று இத்தாலியனில் சொன்னேன். மகள் தலையாட்டினாள்.

"நோ," என்றார் அம்மா. பிறகு, அவரிடமிருந்த கொஞ்ச இத்தாலியனில், ஒவ்வொரு சொல்லாக: "நான் கேட்கவில்லை. பிள்ளை கேட்கிறது."

உள் அறையில் சினியோரா கைதட்டியது கேட்டது.

எங்கள் வீடிருந்த அல்பெர்கேரியாவுக்கு நடந்து வரும்போது அம்மா என்னை ஏசவில்லை. ஏன் என்று விளங்கவில்லை. அவ்வளவு இத்தாலியன் தெரிந்தவர் என்னை ஏன் சொல்லச் சொன்னார் என்பதும் விளங்கவில்லை.

இப்போதைய நிலை: சினியோரா காலமாகிவிட்டார். அப்பா இரண்டு வருடம் பிந்தி வந்து சேர்ந்தார். அம்மா வேறு வீடுகளில் வேலை செய்கிறார். அந்த மகளிடம் எங்கள் குடும்பத்தில் மன்னிப்புக் கேட்ட ஒரே ஆள் நான். அதை இத்துடன் திரும்பப் பெறுகிறேன்.