ரோஸ் பெயின்ட் அடித்த வெடிப்பு

ஆவணப்படம் எடுக்கிறேன் என்று சொன்னால் எங்கள் தேயிலைத் தோட்டத்தில், "கல்யாண வீடியோ எடுக்கிறதில்லையா?" என்பார்கள். இல்லை என்றால் பாவப்பட்டுப் பாலில்லாத ஒரு பிளேன்டீ தருவார்கள். இத்தனை வருடத்தில் நான் வாங்கிய விருது அதுதான்.

ஹட்டன் பக்கம் ஒரு லயம், தோட்டத் தொழிலாளர்களின் ஒட்டு வரிசை வீடுகள். பின்னாலிருந்த மண்மேடு தள்ளி, கடைசி வீட்டுச் சுவர் மேலிருந்து கீழ்வரை வெடித்திருந்தது. மழைக்கு முன் அங்கிருக்கிறவர்களை வெளியேற்றியாக வேண்டும். எந்த அதிகாரியும் மலையேறி வந்து பார்க்கவில்லை. சுவரைப் படமெடுத்து அதிகாரியின் மேசையிலேயே வைப்போம் என்று, அந்த வீட்டு அக்காவிடம் ஞாயிற்றுக்கிழமை வருவதாகச் சொன்னேன். சொன்னதுதான் முட்டாள்தனம்.

கெமரா வருகிறதென்றால் எங்கள் சனம் சும்மா இருக்குமா? போய்ப் பார்த்தால் வெடிப்பைக் காணோம். சிமெந்து பூசி, மேலே ரோஸ் பெயின்ட். அக்கா தீபாவளிப் பட்டுச்சேலையில் நிற்கிறார்.

"என்னக்கா பண்ணி வச்சிருக்கீங்க?"

"ஏன் தம்பி, நல்லா இல்லையா? வீட்டுக்காரரு நேத்து பூரா பூசினாரு."

"வெடிப்பத்தானே எடுக்க வந்தேன்!"

"ஊரே பாக்கப் போகுதுங்கிற. ஓட்டையும் ஒடசலுமாவா காட்டுவாங்க? ஒங்க வீடா இருந்தா காட்டுவியா?"

காட்டமாட்டேன். அழுக்குச் சேலையும் மூக்கொழுகும் பிள்ளையும் தேடி வருகிற வெளிநாட்டுக் கெமராக்காரர்களை வாய்க்கு வந்தபடி ஏசியவன் நான்.

"மழைக்குப் பெயின்ட்டா தாங்கும்? இதக் காட்டினா, வீடு ஜோரா இருக்குன்னு ஆபீஸ்காரன் தூங்கிருவான்க்கா."

அக்கா உள்ளே போய், தேயிலைச் செடி வெட்டுகிற கவ்வாத்துக் கத்தியோடு வந்தார். "சேல மாத்தமாட்டேன். இதோடதான் எடுக்கணும்."

பட்டுச்சேலையோடு சுவரைக் கொத்தினார். ஈரச் சிமெந்து கட்டி கட்டியாக விழுந்தது.

"என் பாடெல்லாம் போச்சே!" என்று கத்தினார் வீட்டுக்காரர்.

"ஒம் பூச்சு ஒரு நா தாங்கல, பேசாம இரு."

வெடிப்புக்குள் கையை விட்டார். முழங்கைவரை போனது.

நுவரெலியாவில் அதிகாரி படத்தைப் பார்த்துவிட்டு, "பட்டுச்சேலை கட்டுகிறவர்களுக்கு என்ன கஷ்டம்?" என்று சிங்களத்தில் கேட்டான். "சேலையை விடுங்கள், கையைப் பாருங்கள்" என்றேன். பின்னுக்கு ஓட்டி மறுபடி பார்த்தான். பிறகு ஜீப்பை எடுக்கச் சொன்னான்.

மழைக்கு முன் எல்லோரையும் பள்ளிக்கூட மண்டபத்துக்கு மாற்றினார்கள். புது வீடு தருவோம் என்றார்கள், தரவில்லை. மண்டபத்துக் குழாயில் தண்ணீரும் வருவதில்லை. அக்கா போனில் என்னைத்தான் ஏசுகிறார்: "நீதானே எங்கள இங்க கொண்டாந்து போட்ட? வந்து இதையும் எடு."

போகிறேன். வேறென்ன செய்ய.