ஸ்டெல்லா அக்கா பார்க்காத கடிதம்

"சார், நீங்க சொன்ன மாதிரியே ஃபார்மட் பண்ணிட்டேன். இப்ப பழசு எதுவுமே இல்ல சார்."

2008-ல் ஒரு திங்கட்கிழமை காலை வந்த போன் இது. பேசியவர் வளர்மதி. அண்ணாமலை நகரில் ஆராய்ச்சி மாணவி. சுனாமிக்குப் பிறகு கடலோர ஊர்களில் மீன் விற்கும் பெண்கள் எப்படிப் பிழைக்கிறார்கள் என்பது அவருடைய ஆய்வு. அந்தப் பெண்கள் பேசிய ஆடியோ முழுவதும் ஒரே பென் டிரைவில் இருந்தது. அதை அழிக்க வழி சொன்னவன் நான்.

முதலிலிருந்து சொல்கிறேன். சிதம்பரத்தில் ஒரு கம்ப்யூட்டர் சென்டரில் பாடம் நடத்திக்கொண்டிருந்தேன். எல்லோரும் ஒரே சந்தேகத்தைத் திரும்பத் திரும்பக் கேட்டதால், 2004-ல் வெள்ளிக்கிழமைதோறும் மின்னஞ்சலில் ஒரு தொழில்நுட்பக் கடிதம் அனுப்பத் தொடங்கினேன். முதல் கடிதம் பாதிப் பேருக்குக் கட்டம் கட்டமாகத் தெரிந்தது. எழுத்துருவை எப்படி இறக்கிக்கொள்வது என்பதை அதே எழுத்துருவில் எழுதி அனுப்பிய புத்திசாலி நான்.

அதற்காக என்னைத் திட்டியவர் ஸ்டெல்லா அக்கா. கடலூர் கோர்ட்டுக்கு எதிரே மனு டைப் அடித்துக்கொடுக்கும் கடை வைத்திருந்தார். டைப் அடிப்பதையும் மெயில் பார்ப்பதையும் தவிரக் கம்ப்யூட்டரில் வேறு எதையும் தொடமாட்டார்.

"படிக்க முடியாதவனுக்கு எப்படிப் படிக்கிறதுன்னு கடுதாசி போட்டிருக்கியே தம்பி, நீயெல்லாம் ஒரு வாத்தியாரா?"

அன்றே அவரைக் கெஞ்சிக் கூட்டுச் சேர்த்துக்கொண்டேன். வியாழக்கிழமை கடிதம் முதலில் அவருக்குப் போகும். எழுதியிருப்பதை எழுதியபடியே, சொந்தமாக எதையும் யோசிக்காமல், தன் கம்ப்யூட்டரில் செய்து பார்ப்பார். எங்காவது மாட்டிக்கொண்டால் போன் வரும்.

"நீ சொல்ற எடத்துல அந்த பட்டனே இல்ல."

"அதெல்லாம் எல்லாருக்கும் தெரியும்க்கா."

"எனக்குத் தெரியலியே. அப்ப எல்லாருக்கும் தெரியாது. மாத்தி எழுது."

அவர் சரி என்ற பிறகுதான் கடிதம் மற்றவர்களுக்குப் போகும். நான்கு வருடங்களில் ஒரு வெள்ளி கூடத் தவறவில்லை. அதில் எனக்கு இருந்த கர்வம் கொஞ்சநஞ்சமல்ல.

2008-ல் பிரவுசிங் சென்டர்களில் பென் டிரைவ் வைரஸ் ஜாஸ்தி. செருகினால் ஃபோல்டர்கள் எல்லாம் காணாமல் போகும். உண்மையில் அவை அழிவதில்லை, வைரஸ் அவற்றை மறைத்து வைத்திருக்கும். முதலில் மறைந்ததை வெளியே கொண்டுவந்து, வேறு இடத்தில் காப்பி எடுத்துவிட்டு, அதற்குப் பிறகுதான் ஃபார்மட் செய்ய வேண்டும். இது எனக்குக் கைப்பழக்கம். அதனாலேயே அந்த முதல் இரண்டு வேலைகளையும் எழுத மறந்தேன். பயப்படாமல் ஃபார்மட் செய்யுங்கள், வைரஸ் போய்விடும் என்று மட்டும் எழுதினேன்.

அந்த வாரம் அக்கா தன் அம்மாவைப் பாண்டிச்சேரி ஆஸ்பத்திரியில் சேர்த்திருந்தார். "இந்த வாரம் என்னால பாக்க முடியாது தம்பி" என்று வியாழக்கிழமையே சொல்லிவிட்டார். வெள்ளிக்கிழமை தவறிவிடுமே என்று எனக்குப் பதற்றம். ஒரு வாரம்தானே என்று நானே அனுப்பினேன்.

திங்கட்கிழமை வளர்மதியின் போனை வைத்ததும் சைக்கிளை எடுத்துக்கொண்டு அண்ணாமலை நகர் போனேன். லைப்ரரி வாசலில் வளர்மதி பென் டிரைவைக் கையில் பிடித்தபடி நின்றிருந்தார். ஃபார்மட் செய்த கையோடு அதிலேயே வேறு ஃபைல்களை ஏற்றியிருந்தார்; பழையவை இருந்த இடத்தில் புதியவை பதிந்துவிட்டிருந்தன. ரெக்கவரி சாஃப்ட்வேரை மூன்று நாள் மாற்றி மாற்றி ஓட்டினேன். பாதிதான் மீண்டது.

"மீதியத் திரும்பப் போயி எடுத்துக்கலாமாம்மா? நானும் கூட வர்றேன்" என்றேன்.

"மத்தவங்கள எடுத்துக்கலாம் சார். ஒரு அம்மா மட்டும் போன மாசம் செத்துட்டாங்க. ரெண்டு மணி நேரம் பேசினாங்க. இன்னும் டைப் பண்ணவே இல்ல." பிறகு, என்னைத் தேற்றுவதுபோலச் சொன்னார்: "உங்க லெட்டர்ல இதுவரைக்கும் எதுவும் தப்பா வந்ததில்ல சார். அதான் யோசிக்காம செஞ்சுட்டேன்."

அவர் திட்டியிருந்தால் தாங்கியிருப்பேன்.

அக்காவுக்குப் போன் செய்து எல்லாவற்றையும் சொன்னேன். "நான் பாத்திருந்தா, ஃபார்மட் பண்ணுனதும் என் ஃபைலெல்லாம் எங்கடான்னு கேட்டிருப்பேன்" என்றார். பிறகு, "நான் லீவுன்னா கடுதாசிக்கும் லீவு வுட்டிருக்கலாமே தம்பி" என்றார்.

அடுத்த கடிதத்தின் முதல் வரியிலேயே, போன வாரம் நான் எழுதியது தவறு, அதனால் ஒருவருக்கு ஈடு செய்ய முடியாத இழப்பு என்று எழுதினேன். சிலர் இனி தங்களுக்குக் கடிதம் வேண்டாம் என்றார்கள். அவர்கள் சொன்னது நியாயம்தான். அன்றிலிருந்து ஒவ்வொரு கடிதத்தின் கடைசியிலும், செய்து பார்த்தவர் ஸ்டெல்லா, கடலூர் என்று ஒரு வரி போட்டேன். அவரால் முடியாத வாரங்களில் கடிதம் போகவில்லை. 2012-ல் கண் ஆபரேஷனுக்குப் பிறகு அவர் கடையை மூடினார். நானும் கடிதத்தை முடித்துக்கொண்டேன். வேறு ஆளைத் தேட மனம் வரவில்லை.

அதற்கு முன்பே வளர்மதி ஆய்வேட்டை முடித்து, பைண்டு போட்ட பிரதியைச் சென்டருக்கே கொண்டுவந்து காட்டினார். வாழ்த்திவிட்டுப் பக்கங்களைப் புரட்டினேன். பேசிய பெண்களின் பட்டியல் பின்னிணைப்பில் இருந்தது. ஒவ்வொரு பெயருக்கும் எதிரே அவர் சொன்னதன் சுருக்கம். ஒரே ஒரு பெயருக்கு எதிரே மட்டும் 'பதிவு இல்லை' என்று இருந்தது.

அந்த நான்கு வருடங்களில் எத்தனை வெள்ளிக்கிழமை கடிதம் வந்தது என்று இன்றுவரை என்னை யாரும் கேட்டதில்லை. அந்த ஒரு வெள்ளி வராமல் இருந்திருந்தாலும் யாரும் கேட்டிருக்கமாட்டார்கள்.