இர்வெத்தாவின் வாயில் இருக்கும் வேர்

இர்வெத்தா கசப்பு வேரைக் கடைவாய்க்குத் தள்ளிவிட்டு, சிப்பிக் கஞ்சிப் பானையை ஒளிச்சுவரோடு சாய்த்து வைக்கிறாள். பிறகு தானும் முதுகை அதே சுவரில் சாய்த்துக்கொள்கிறாள். பானைக்குச் சூடு, முதுகுக்கு அதிர்வு.

எங்கள் ஊர் ஹெவ்ராவின் சுவரில் கல்லும் இல்லை, மண்ணும் இல்லை. ஊரைச் சுற்றி நிற்கும் தூண்களில் குழல்கள் ஒரே சுருதியில் ஓயாமல் ஒலிக்கின்றன. அவற்றின் மேல் விளக்குகள் எரிகின்றன. அந்த ஒலியும் ஒளியும் கலக்கும் இடத்தில் இளமஞ்சள் திரை எழுந்து நின்று, வெளியே அலையும் சாம்பல் காற்றைத் தடுக்கிறது.

எங்கள் ஊரில் 'சரி' என்று யாரும் சொல்வதில்லை. சுவரின் சுருதியை முனகுவார்கள். முக்கியமான பேச்சென்றால் சுவருக்குப் பக்கத்தில் நின்று முனகவேண்டும். சுருதி சேர்ந்தால் அந்த இடத்தில் சுவர் வெள்ளையாகப் பூக்கும். பூத்தபின் யாரும் பின்வாங்க முடியாது.

கசப்பு வேர் தொண்டையை மரக்கவைக்கும். வாயில் இருக்கும்வரை பேச்சு வரும், முனகல் வராது. ஆகவே இர்வெத்தா சம்மதம் சொல்லும்முன் வேரை எடுத்துத் தன் கஞ்சிக் கடையோரத் தூணில் ஒட்டுவாள். தூண் முழுக்கக் கறுத்த உருண்டைகள். "என்னக்கா இந்த அசிங்கம்?" என்று கேட்டால், "என் கையெழுத்து" என்பாள்.

நல்லவள் என்று அவளைச் சொல்ல முடியாது. கஞ்சியில் தாராளமாகத் தண்ணீர் ஊற்றுவாள். "சிப்பி எங்கக்கா?" என்றால், "நீந்தப் போயிருக்கு. குடி, திரும்பி வரும்." ஆனால் அவள் முனகினால் சுவர் பூக்கத் தவறியதில்லை. அதனால் அவள்தான் எங்கள் கீழ்த்தெருவின் 'தெருவாய்'. தெருவுக்காகச் சம்மதிப்பதும் மறுப்பதும் அவள் வேலை.

சென்ற குளிர்காலத் தொடக்கத்தில், சுவரை நிர்வகிக்கும் சுருதிச் சபை குழல்களின் சுருதியை இறக்கியது. மேட்டு வீடுகளில் இருப்பவர்களுக்குச் சத்தத்தில் தூக்கம் வரவில்லையாம். மேட்டுக்குச் சாம்பல் காற்று ஏறாது. விளக்குகளை யாரும் தொடவில்லை. மேலிருந்து பார்த்தால் சுவர் முன்போலவே அழகாகத்தான் இருக்கிறது. கீழே அது சல்லடை. கஞ்சியின் மேல் சாம்பல் ஏடு படிகிறது. பக்கத்து வீட்டு யூஃபாவின் கைக்குழந்தை உதடு நீலமாகும்வரை இருமுகிறது.

"அவங்களுக்குத் தூக்கம் வேணுமாம். இதுக்கு மூச்சு வேணும். எது பெருசுன்னு கேக்க ஒரு நாதியில்ல" என்கிறாள் இர்வெத்தா.

இறக்கிய சுருதி நிலைக்க வேண்டுமானால் எல்லாக் கீழ்த்தெருக்களும் சம்மதிக்க வேண்டும். ஒரு தெரு மறுத்தாலும் பழைய சுருதியைத் திருப்பித் தரவேண்டும். மற்ற தெருக்களின் சம்மதத்தைச் சபை எப்படி வாங்கியது என்பதை எழுதவே கை கூசுகிறது. வலைக்காரத் தெருவின் தெருவாய் ஓத்ரான் சுவரோரம் வலை பின்னிக்கொண்டிருந்தார். சபை ஆள் கஸ்தோர் பிலன் போய், "அம்மா சுகமா?" என்று கேட்டார். ஓத்ரான் மரியாதைக்கு முனகினார். குளிர்காலம் முழுக்கப் புதுச் சுருதியைக் கேட்டுக் கேட்டு எல்லார் தொண்டையும் தானாக இறங்கியிருந்தது. சுவர் பூத்தது. அதைத் தெருவின் சம்மதம் என்று அறிவித்துவிட்டார்கள். நலம் விசாரித்தே ஐந்து தெருக்களை விழுங்கினார்கள்.

அன்றிலிருந்து இர்வெத்தா வேரைத் துப்பவில்லை. சாப்பிடும்போது மட்டும் எடுப்பாள். அதையும் சுவரை விட்டுத் தள்ளிப்போய்ச் செய்வாள்.

நேற்று பிலன் வந்தார். வெளுத்த அங்கி, ஒரு தூசி இல்லை. எங்கள் தெரு ஒன்றுதான் மிச்சம்.

"கஞ்சி நல்லா இருக்கா, இர்வெத்தாம்மா?"

"குடிச்சுப் பாருங்க தம்பி."

"இந்தத் தெருவுக்கே நீங்கதானே பெரியவங்க?"

"தெருவக் கேளுங்க."

பிலனின் சிரிப்பு மறைந்தது. "சம்மதிக்காத தெருவுல குழல் பழுதானா, ஆள் வர நாளாகும். அப்புறம் வருத்தப்படாதீங்க."

"வர்றப்போ மூக்க மூடிட்டு வரச் சொல்லுங்க. இங்க சாம்பல் ஜாஸ்தி."

"ஒரு முனகல்மா. அதுக்குப் போய் இவ்வளவு ரோஷமா?"

யூஃபா குழந்தையோடு வாசலுக்கு வந்துவிட்டாள். குழந்தை விடாமல் இருமியது. இர்வெத்தா அதையே பார்த்துக்கொண்டிருந்தாள். பிறகு திரும்பி, வாயிலிருந்த வேரை எடுத்துத் தூணில் ஒட்டினாள்.

"அக்கா, வேணாம்" என்றாள் யூஃபா. பிலன் எல்லோரும் பார்க்கட்டும் என்று சுவரை விட்டு விலகி வழிவிட்டார்.

இர்வெத்தா இடுப்புப் பையை அவிழ்த்து, அதிலிருந்ததிலேயே பெரிய வேரைத் தேடியெடுத்து, மண்ணைத் துடைத்து, இரண்டு கன்னமும் புடைக்க வாய்க்குள் திணித்துக்கொண்டாள்.