அம்மா சொல்லாத பெயர்

அந்தச் சிரியாக்காரன் எங்கள் தமிழ்ச் சாப்பாட்டுக் கடைக்கு ரொட்டி தின்ன வந்தவன் இல்லை. லா சப்பலில் அரபு விளங்காத இடம் எது என்று தேடி, எங்கள் கடையுள்ள ரூ பிலிப்-து-ஜிரார் தெருவுக்கு வந்து சேர்ந்தவன். பின்மேசையில் பால் விடாத ஒரு பிளேன்ரீயோடு இருந்து, ஊரிலுள்ள தாயோடு போனில் கதைப்பான். ஏன் அரபுக் கஃபேக்குப் போவதில்லை என்று ஒருநாள் கேட்டேன். அங்கே யாருடைய காது யாருக்காக வேலை செய்கிறது என்று தெரியாதாம். எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. எங்கள் அரசியலை வாய்விட்டுக் கதைக்க வேண்டுமென்றால் நானும் கூட்டாளியும் பார்பெஸ் பக்கம் ஓர் அரபுக் கஃபேக்குத்தான் போவோம், இதே காரணத்துக்காக. நல்லாயிருக்குது நாங்கள் இரண்டு சனமும் என்றேன். அவனும் சிரித்தான். அதற்குப் பிறகு என்னை அண்ணை என்று கூப்பிடத் தொடங்கினான். எங்கள் மற்றப் பேச்செல்லாம் அரைகுறைப் பிரெஞ்சுதான்.

அவனுடைய தமையன் பள்ளிக்கூட வாத்தியார். ஆட்சிக்கு எதிரான ஊர்வலம் ஒன்றில் போனதற்காக ஆட்சிக்காரர் பிடித்துக்கொண்டு போனார்கள். அன்றிலிருந்து தாய் அந்தப் பெயரைப் போனில் சொல்வதே இல்லை. யாராவது ஒட்டுக்கேட்பார்கள் என்ற பயம். சாப்பிட்டாயா, குளிர்கிறதா, இவ்வளவுதான் கேட்பாளாம். சாப்பிட்டாயா என்பதைக் கேட்டுக் கேட்டு அந்த அரபு வார்த்தை எனக்கே பாடமாகிவிட்டது. வீட்டில் எல்லாரும் சுகம் என்று தாய் சொன்னதை எனக்குச் சொல்லும்போது மட்டும் இவன் நகத்தால் மேசையைச் சுரண்டுவான்.

அந்த நாட்டை ஆண்டுகொண்டிருந்தவர் ஓடிப்போன அன்று, நாங்கள் அடுப்பு மூட்டுவதற்கு முன்னமே வந்து நின்றான். போனைச் சத்தமாக வைத்தான். அதற்குள்ளிருந்து அவனுடைய தாய் ஒரே பெயரைத் திரும்பத் திரும்பக் கத்திக்கொண்டிருந்தாள். மொழி தெரியாத எங்களுக்கும் அது தமையனின் பெயர் என்று விளங்கியது. சமையல்காரர் கையைத் துடைத்துக்கொண்டு வெளியே வந்து நின்றார். தண்ணீர்கூடச் சும்மா தராத எங்கள் முதலாளி அன்று எல்லாருக்கும் வடை கொடுத்தார்.

சிறைகள் திறந்தன. தமையன் வரவில்லை. இவன் வேலை முடிந்து வந்து, வெளியே வந்தவர்களின் வீடியோக்களை நிறுத்தி நிறுத்தி ஒவ்வொரு முகமாகப் பார்த்துக்கொண்டிருப்பான். மெலிந்த முகமெல்லாம் அண்ணனைப்போலத்தான் தெரிகிறது என்பான். தாய் சிறைக்கே நேரில் போய்த் தேடினாள். உடலும் இல்லை, தகவலும் இல்லை. பிறகு மற்றத் தாய்மாரோடு படத்தைப் பிடித்துக்கொண்டு சந்தியில் நின்றாள். இனி ஒழுங்கான தேர்தல் வரும், அப்போது பதில் சொல்லத்தானே வேண்டும் என்றான் இவன். ஓமோம் என்றுவிட்டு நான் குசினிக்குள், அடுப்படிக்குப் போய்விட்டேன். எனக்குத் தெரிந்ததை அவனுக்குச் சொல்ல மனம் வரவில்லை.

போன மாதம் வந்தவன் தேத்தண்ணியைத் தொடவே இல்லை. புது ஆட்சிக்கு நெருக்கமான பக்கத்து வீட்டுப் பெடியன் தாயிடம் வந்திருக்கிறான். பழைய கதையை விடுங்கோ அம்மா, புது அரசாங்கத்துக்குக் கெட்ட பெயர் வாங்கிக் குடுக்காதேங்கோ என்றிருக்கிறான். அன்று பின்னேரத்திலிருந்து தமையனின் பெயர் மறுபடியும் போனில் இல்லை.

"அந்தப் பெடியன் மரியாதையாத்தான் சொன்னவனாம். அதுதான் அண்ணை எனக்குப் பயமா இருக்கு" என்றான். பிறகு கேட்டான்: "உங்கட நாட்டிலை வோட்டுப் போடுறீங்கள்தானே. உங்கட தாய்மாருக்குப் பதில் கிடைச்சுதோ?"

எனக்கு விசர் வந்தது. வோட்டுப் போட்டு எத்தனை அரசாங்கத்தை மாற்றியாயிற்று. எங்கள் தாய்மார் இன்னும் தெருவோரத்தில் காணாமல்போன பிள்ளைகளின் படத்தோடு இருக்கிறார்கள், அப்படியே செத்தும் போகிறார்கள். ஏனடா என்னிடம் கேட்கிறாய் என்று கத்த வேண்டும்போல் இருந்தது.

"இல்லை" என்றேன். "ஆனா இண்டைக்கும் பேரைச் சொல்லித்தான் கேட்டுக்கொண்டிருக்கினம்."

அவன் போனைச் சத்தமாக வைத்துத் தாய்க்கு எடுத்தான். சுகம் விசாரித்தான். நடுவில் ஒரே ஒரு தடவை, நிதானமாக, தமையனின் பெயரைச் சொன்னான். வடை தின்ற அன்று கேட்ட அதே பெயர்.

லைன் போய்விட்டது என்றுதான் நினைத்தேன். பிறகு தாய் மெதுவாகக் கேட்டாள். எனக்கு விளங்கும் ஒரே அரபு அது. சாப்பிட்டாயா.

சாப்பிட்டேன் என்றிருப்பான். நான் வைத்த ரொட்டி அவன் முன்னால் அப்படியே இருந்தது.