பீச் என்றால் எது

துப்பறியும் நாவல் படிக்கிற கிறுக்கு எனக்கு அப்பாவிடமிருந்து வந்தது. ஆபீஸ் முடிந்து வரும்போது ரயில் நிலையக் கடையில் ஒரு பாக்கெட் நாவல் வாங்கி வருவார். யார் முதலில் படிப்பது என்று இருவரும் அடித்துக்கொள்வோம். முப்பதாவது பக்கத்திலேயே குற்றவாளி யாரென்று சொல்லிவிடுவேன். அந்தத் திமிர் என்னை விட்டுப் போன நாளைத்தான் இங்கே எழுதுகிறேன்.

அப்பா ஓய்வுபெற்றுப் பதினைந்து வருடம் ஆகிறது. அம்மா போன பிறகு அது அவருக்கு மறந்துவிட்டது. தினமும் காலையில் சட்டையை டக்-இன் செய்துகொண்டு வந்து நிற்பார்.

"ஆபீஸுக்கு நேரமாச்சு."

"இன்னிக்கு லீவுப்பா" என்பேன். நம்பி உட்கார்ந்துவிடுவார்.

சிட்லபாக்கம் வீட்டில் நாங்கள் இரண்டே பேர். என் கம்பெனி சிறுசேரியில் இருக்கிறது. அவருக்காக வீட்டிலிருந்தே வேலை செய்ய அனுமதி வாங்கியிருந்தேன். அன்று ஏழரைக்கு அவருக்கு இன்சுலின் போட்டேன், இட்லியை மேஜையில் மூடி வைத்தேன், அறைக்குள் போய் மீட்டிங்கில் உட்கார்ந்தேன். ஒன்பது மணிக்கு வெளியே வந்தால் வாசல் கதவு திறந்து கிடக்கிறது. இட்லி நாலும் அப்படியே இருக்கிறது. அவர் போன் சார்ஜரில் தொங்குகிறது.

இன்சுலின் போட்டுவிட்டுச் சாப்பிடாமல் இருந்தால் சர்க்கரை மளமளவென்று இறங்கும், எங்காவது மயங்கி விழுவார், யாரும் கவனிக்காவிட்டால் எழுந்திருக்கவே மாட்டார். டாக்டர் இதைப் படித்துப் படித்துச் சொல்லியிருந்தார்.

தெருமுனையில் இஸ்திரி போடும் அண்ணன் அவரைப் பார்த்திருந்தார்.

"சார் அப்பவே போய்ட்டாரே மேடம். எங்க சார் கெளம்பிட்டீங்கன்னு கேட்டேன். பீச்சுக்குன்னாரு."

போலீஸ் ஸ்டேஷனில் ஒரு பெண் காவலர் பேப்பரை எடுத்தார். "எப்பம்மா தொலைஞ்சாரு?"

"தொலையல மேடம். காணோம்!" என்று கத்தினேன்.

"ரெண்டும் ஒண்ணுதானம்மா" என்று எழுதிக்கொண்டார். எனக்கு இரண்டும் ஒன்றில்லை. ஏன் என்று பிறகு சொல்கிறேன்.

என் நாவல் மூளை அதற்குள் வேலையை ஆரம்பித்துவிட்டது. கொடியில் இருந்த அப்பாவின் துண்டைக் காணோம். காலண்டரைப் பார்த்தால் அமாவாசை. துண்டு, அமாவாசை, பீச். அம்மாவுக்குத் தர்ப்பணம் கொடுக்கக் கடலுக்குப் போயிருக்கிறார்! போன வருடம் திருவான்மியூரில்தானே கொடுத்தோம்? எவ்வளவு அழகாகப் பொருந்தியது என்று அந்த நேரத்திலும் ஒரு நொடி எனக்குப் பெருமையாக இருந்தது. அந்த நொடியை நினைத்தால் இன்றைக்கும் என்னை நானே அறைந்துகொள்ளத் தோன்றுகிறது.

ஸ்கூட்டரை எடுத்தேன். ராஜகீழ்ப்பாக்கம் சிக்னலிலேயே பத்து நிமிடம் போயிற்று. மேடவாக்கம், வேளச்சேரி தாண்டித் திருவான்மியூர் கடற்கரைக்குப் போய்ச் சேரும்போது பதினொன்றாகப் போகிறது. தர்ப்பணம் கொடுத்துவிட்டு ஈர வேட்டியோடு வருகிற ஒவ்வொருவர் முகத்தையும் பார்த்தேன். புரோகிதர்களிடம் போட்டோவைக் காட்டினேன். யாரும் பார்க்கவில்லை. கொஞ்ச நேரத்தில் மனிதர்களை விட்டுவிட்டு அலையைப் பார்க்க ஆரம்பித்தேன். தூரத்தில் கறுப்பாக எது மிதந்தாலும் அதைப் பார்த்து ஓடினேன். முழங்கால் தண்ணீரில் நின்றுகொண்டு "அப்பா, அப்பா" என்று அலறினேன். வெட்கமெல்லாம் எங்கே போயிற்றோ.

மணலில் மீன் விற்றுக்கொண்டிருந்த ஒரு அம்மா என் கையைப் பிடித்துக் கரைக்கு இழுத்தார்.

"இன்னாம்மா, யாரத் தேடிகினு கீற?"

சொன்னேன். பொறுமையாகக் கேட்டுவிட்டு ஒரே ஒரு கேள்வி கேட்டார்.

"கடலுக்குப் போறேன்னு சொன்னாரா, பீச்சுக்குன்னு சொன்னாரா?"

"பீச்சுக்குன்னு."

"நாங்க இத்த கடலுன்னுதான் சொல்வோம். பீச்சுன்னா எனக்கு ரயில் டேசன். காசிமேட்டுல மீன் எடுக்க அங்கதான் எறங்குறேன். உங்கப்பா வேலைக்கு எதுல போனாரு?"

முப்பத்திரண்டு வருடம். சானடோரியம் ஸ்டேஷனில் ஏறி, பீச் ஸ்டேஷனில் இறங்கி, ஆபீஸுக்கு நடந்து போன மனிதர். பீச் வண்டி போயிடும், பீச் வண்டி போயிடும் என்று தினமும் அவர் அம்மாவை விரட்டியதைக் கேட்டுத்தானே வளர்ந்தேன்? அந்தத் துண்டும் தர்ப்பணத்துக்கு இல்லை. தினமும் ரயிலில் கூட வரும் நண்பருக்கு ஸீட் பிடிக்கப் பையில் வைத்துக்கொள்வது.

"ரயிலாண்ட போம்மா. தண்ணியப் பாத்துகினு நிக்காத" என்று அந்த அம்மா என் முதுகில் ஒரு தள்ளு தள்ளினார்.

பெண் காவலருக்குப் போன் செய்தேன். ரயில்வே போலீசுக்குச் சொல்கிறேன் என்றார். பீச்சில் இறங்காமல் அதே வண்டியில் திரும்பியிருந்தால் தாம்பரத்துக்குத்தான் வருவார் என்று தாம்பரத்துக்கு விரட்டினேன். பிளாட்பாரத்தில் வந்து நின்ற ஒவ்வொரு வண்டியிலும் பெட்டி பெட்டியாக ஓடினேன். எத்தனை வண்டி என்று எண்ணவில்லை. ஏறாத கோயில் பாக்கியில்லை, வேண்டாத தெய்வம் பாக்கியில்லை என்பார்களே, அப்படி வேண்டினேன். இரண்டு மணிக்கு வந்த வண்டியில் எல்லோரும் இறங்கிப்போன பிறகு, ஜன்னலோரத்தில் ஒரு தலை சாய்ந்திருந்தது.

சட்டை தொப்பலாக நனைந்திருந்தது. கூப்பிட்டால் பதில் இல்லை. பக்கத்து ஸீட்டில் துண்டு விரித்தபடி இருந்தது, வராத நண்பருக்காக. மடியில் பாதி தின்ற கடலை மிட்டாய் பாக்கெட். யார் கொடுத்தார்களோ தெரியாது. அந்தப் பாதி மிட்டாய்தான் உயிரைப் பிடித்து வைத்தது என்றார் டாக்டர். கொடுத்தவர் யார் என்று நான் இன்னும் கண்டுபிடிக்கவில்லை.

இப்போது போலீஸ் ஸ்டேஷனில் கேட்ட அந்தச் சொல்லுக்கு வருகிறேன். இஸ்திரி அண்ணனிடம், போலீஸில், மீன்கார அம்மாவிடம், எல்லோரிடமும் ஒன்றை மறைத்தேன். மீட்டிங் நடுவில் அப்பா கதவைத் திறந்து, "ஆபீஸுக்கு நேரமாச்சு" என்றார். ஒரு தடவை இல்லை, நாலு தடவை. நாலாவது தடவை மைக்கை அணைத்துவிட்டு, "போய்த் தொலைங்க!" என்று கத்தினேன். போகிறவரிடம் "போயிட்டு வாங்க" என்றுதான் சொல்ல வேண்டும் என்று எனக்குச் சொல்லிக்கொடுத்தவரே அவர்தான். நான் சொன்னபடியே செய்தார்.

மறுநாள் காலை ஆஸ்பத்திரியில் கண் விழித்தார். "நேத்து எங்கப்பா போனீங்க?" என்று கேட்டேன். ரயில் நினைவில்லை. பீச் நினைவில்லை. எல்லாம் மறந்திருக்கிறது, நான் கத்தியதும் மறந்திருக்கும் என்று அற்பத்தனமாக நிம்மதி அடைந்தேன்.

குளுக்கோஸ் ஏறும் கையை மெதுவாக நகர்த்தி என் விரலைத் தொட்டார். சுற்றும் முற்றும் பார்த்துவிட்டுக் குரலைத் தாழ்த்திக் கேட்டார்.

"உனக்குக் கோபம் போயிடுச்சாம்மா?"