யூசுப் நானாவின் மிஸிர்ப் பாட்டு

நேற்று எங்கள் எத்தாளை ஊர்ச் சந்தியில், தேநீர்க் கடையில் ரேடியோ ஓர் அரபுப் பாட்டைப் பாடியது. என் கை, என்னைக் கேட்காமலே, தோளில் கிடந்த துவாயை எடுத்துத் தலையில் போட்டது. கடைப் பொடியன் சிரித்துவிட்டான்.

"மாமா, இது படப் பாட்டு!"

எனக்குத் தெரியாதா, மடையா? ஒரு காலத்தில் இந்த ஊரிலேயே அது தெரிந்தவர்கள் இரண்டு பேர்தான். நான் ஒருவன், யூசுப் நானா மற்றவர்; அண்ணனை நாங்கள் நானா என்போம். அதே பாட்டு!

அப்போது எனக்குக் கடற்கரையில் மீன் காயவைக்கும் கருவாட்டு வாடியில் கணக்கெழுதும் கிளாக்கர் வேலை. என்ன தோய்த்தாலும் சட்டையில் மணம் போகாது. பக்கத்தில் வந்து உட்கார்ந்தவர் நானா ஒருவர்தான். இரண்டாம் மகா யுத்தத்தில் பட்டாளத்தோடு மிஸிருக்குப் போய் (எகிப்தை நாங்கள் அப்படித்தான் சொல்வோம்) கிராமபோன் பெட்டியும் ஒரேயொரு இசைத்தட்டுமாகத் திரும்பியவர்.

அந்தப் பாட்டைக் கட்டியவனின் கதையை அவர் சொல்லக் கேட்கவேண்டும்! பேசும் படம் வந்த புதிதில் அவனே கதை எழுதுவானாம், அவனே மெட்டும் போடுவானாம். கடைசியில் பாடினவளின் பேர்தான் உலகத்துக்குத் தெரியுமாம். நானாவும் ஒரு நாடகம் எழுதினார். காதல் கதை. அந்த மெட்டுக்குத் தமிழில் வரி கட்டினார்.

"இந்த முறை கதை நான், மெட்டு அவன். அடுத்த முறை ரெண்டும் நான்தான்டா."

ஆனால் எங்கள் சனத்துக்கு அரபு என்றால் குர்ஆன் ஓதுவதுதான். தட்டுச் சுழன்றால் ஆண்கள் தலையை மூடுவார்கள். பெண்கள், ஓதின தண்ணீர் நோய் தீர்க்கும் என்று, செம்பில் தண்ணீர் கொண்டுவந்து பெட்டிக்குப் பக்கத்தில் வைப்பார்கள். படுக்கையில் கிடந்த, நானாவைப் பெற்ற உம்மாவே அந்தத் தண்ணீரைக் குடித்துத்தான் எழும்பி உட்கார்ந்தார்.

ஒத்திகையில் மெட்டைத் தமிழில் எடுத்ததுதான் தாமதம், வாசல் நிறையச் சனம்.

"ஓதுற ராகத்தில காதல் பாட்டா? நீயெல்லாம் மனுசனா?"

நானா வாயைத் திறந்தார். அது படப் பாட்டு என்ற உண்மையைச் சொன்னால் போதும், நாடகம் பிழைத்துவிடும். அந்த நேரம் பார்த்து உம்மா, சுவரைப் பிடித்துப் பிடித்து, தன் காலால் நடந்து வந்து நின்றார்.

"ஓதுறதோட விளையாடாத மனே."

நானா வாயை மூடிக்கொண்டார். நாடகம் அத்தோடு சரி.

"நான் என்னடா செய்ற? உள்ளதச் சொன்னா உம்மா திரும்பப் படுத்துருவாவே," என்று என் தோளில் சாய்ந்து அழுதார். நான் மட்டும் என்ன செய்ய? கருவாட்டு மணத்தோடு சும்மா உட்கார்ந்திருந்தேன்.

அடுத்த முறை வரவேயில்லை. நானாவும் இல்லை, உம்மாவும் இல்லை. வாடி நின்ற நிலத்தைக் கடல் தின்றுவிட்டது. அவருடைய வரிகள் என் ஒருவனிடம்தான் மிச்சம். பொடியனுக்குப் பாடிக் காட்ட வாயெடுத்தேன். மெட்டு வந்தது, ஒரு வரிகூட வரவில்லை, பாழாய்ப்போன மூளை!

அதற்குள் ரேடியோவில் பாட்டு முடிந்தது. பாடினவளின் பேரை மட்டும் சொன்னார்கள்.